மூழ்காத கிண்ணம்

காலத்தையே கடவுளாகக் கும்பிட்டுப் பூசாரிகள் ஆண்ட நாடு அது. பூசைக்குப் பிந்தி வந்த குற்றத்துக்காகச் சிறையிலிருந்த கணவனை வடிவு வருடத்துக்கு ஒருமுறை பார்க்கலாம். அடியில் துளையிட்ட செப்புக் கிண்ணம் தண்ணீரில் மூழ்கும்வரைதான் நேரம்.

"வெள்ளாடு ரெண்டு குட்டி போட்டிருக்குங்க."

"நல்லது."

அதற்குமேல் பேச்சு வரவில்லை. சீக்கிரம் முங்கித் தொலையேன் என்று கிண்ணத்தையே பார்த்தாள். அவள் கண் போன இடத்தை அவனும் பார்த்தான்.

காவலிருந்த பூசாரி அவள் காதருகே குனிந்தார்.

"பதறாதீங்கம்மா. ஓட்டையில மெழுகு வச்சிருக்கேன். தெரிஞ்சா என் தலை போயிடும். நீங்க நிதானமா பேசுங்க."

வடிவுக்கு முகம் எரிந்தது. கணவன் பக்கம் திரும்பினாள்.

"ஆடு குட்டி போட்டத உங்ககிட்ட சொன்னேனா?"

"இல்லையே," என்றான் அவன். "சொல்லு."