பிணத்துக்கு ஏது வசனம்

சவப்பெட்டிக்குள் ஏறிப் படுக்கும் முன் சீஃப் ஒபியோரா பாஸ்டரை வரவழைத்து ஜெபம் செய்துகொண்டார். நடிப்புச் சாவு நிஜமாகிவிடக் கூடாதாம்.

எல்லோரையும்விடச் சத்தமாக ஆமென் சொன்னவள் எபெலே.

அவர் சாகவே கூடாது. உயிரோடு கிடந்து கேட்க வேண்டும்.

பதினொரு வருடம், பதினொரு படம். கதை, வசனம் எல்லாம் அவள் எழுதியது. திரையில் வந்ததெல்லாம் தயாரிப்பாளரும் நாயகனுமான அவர் பெயர். படங்கள் எடுக்கும் நைஜீரிய ஊரான அசாபாவில் யாரைக் கேட்டாலும், எபெலே செட்டில் வசனம் எடுத்துக் கொடுக்கிற பெண். அவ்வளவுதான்.

“வெளிச்சம் போகுது. ஒரே டேக்! எவனாவது அசைஞ்சீங்க, நாளைக்கு இந்தப் பக்கமே வராதீங்க” என்று கத்திவிட்டு சீஃப் கண்ணை மூடினார்.

படத்தில் அவர் பெரிய பாடகர். அவருக்குப் பாட்டுக் கட்டிக் கொடுத்த பெண்ணாக நடித்த உகமாகா பெட்டியருகே வந்து மார்பில் அடித்துக்கொண்டாள்.

“என் பாட்டையெல்லாம் உன் பாட்டுன்னு பாடித் தின்னியே! எங்கம்மா கண்ண மூடுறதுக்குள்ள ஒரு தடவையாவது எம் பேரச் சொல்லுன்னு உன் கேட்டுல வந்து நின்னேனே! ஒரு தட்டு ஜோலாஃப் சோத்தக் குடுத்துத் தொரத்துனியே, பாவி!”

பிணத்தின் இமை துடித்தது.

போன ஈஸ்டருக்கு முந்தைய நாள் சீஃப் வீட்டு வாசலில் எபெலே தட்டும் கையுமாக நின்றதை யூனிட்டில் பாதிப் பேர் பார்த்திருந்தார்கள். எதற்கு என்றுதான் தெரியாது. இப்போது ஒவ்வொரு தலையாக அவள் பக்கம் திரும்பியது.

அவள் காகிதத்திலிருந்து கண்ணை எடுக்கவில்லை. அம்மா அந்த வாரமே போய்விட்டாள்.

ஒப்பாரி நான்கு நிமிடம். சீஃபின் மூக்கில் ஈ ஒன்று உட்கார்ந்தது. நன்றாக வேண்டும் என்று நினைத்துக்கொண்டாள் எபெலே.

“கட்!”

கைத்தட்டல் நிற்கவே இல்லை. இயக்குநர் ஓடிவந்து பெட்டிக்குள் கையை விட்டு சீஃபின் கையைப் பிடித்துக்கொண்டார்.

“சீஃப்! செஞ்ச துரோகத்த ஊரறிய நீங்களே எழுதி ஒத்துக்கிட்டீங்களே, அதுக்கு எவ்வளவு பெரிய மனசு வேணும்!”

சீஃப் வாயைத் திறந்தார். நான் எழுதவில்லை என்று சொல்ல வேண்டும். சொன்னால், பின்னே யார் எழுதியது என்று கேட்பார்கள்.

வாய் திறந்தபடியே இருந்தது.

தனக்கு வசனம் இல்லாத பக்கத்தை அவர் ஒருநாளும் படித்ததில்லை. எபெலே கையிலிருந்த காகிதக் கட்டை அவர் பக்கம் திருப்பி, முதல் பக்கத்தைக் காட்டினாள். அதை மட்டும் அவரே டைப் செய்து ஒட்டியிருந்தார்.

கதை, வசனம்: சீஃப் ஒபியோரா.