கனகசிங்கத்தாரின் துவக்கு

"குடுத்துத் துலைச்சிட்டு வாங்கப்பா! இது இல்லாட்டி யானை வந்து உங்களத் தூக்கிட்டா போகப்போகுது?"

அரசாங்கக் கந்தோர் வரிசையில் நின்றபடியே கலாஜினி பல்லைக் கடித்தாள். பக்கத்தில் அவளுடைய அப்பா கனகசிங்கம், சாக்கில் சுற்றிய துவக்கைக் கைப்பிள்ளை மாதிரி மார்போடு அணைத்துக்கொண்டு நின்றார்.

"மெல்லமாக் கதை புள்ள. ஆக்கள் பார்க்கிறாங்க."

"பார்க்கட்டும். பார்க்கிற மாதிரித்தானே நிக்கிறீங்க."

அவளுக்குக் கோபம் வராமல் என்ன செய்யும்? புதுச் சுற்றறிக்கை வந்து மாதம் ஒன்றாகிறது. விசையை அழுத்த அழுத்த அடுத்த தோட்டா தானாக ஏறும் துவக்குகளை இனி யாரும் வைத்திருக்கக் கூடாது. லைசனோடு கொண்டுவந்து ஒப்படைத்துவிட வேண்டும். இன்றுதான் கடைசி நாள். நாளைக்கு வீட்டில் இருந்தால் பொலிசு வரும். ஊரில் மற்றவர்களெல்லாம் கொடுத்து முடித்தாயிற்று. இந்த மனிசன் மட்டும் "பார்ப்பம், பார்ப்பம்" என்று இழுத்தடிக்க, அம்மா வசந்தாதேவி அழாக்குறையாகப் போன் எடுத்தாள். கலாஜினி வேலைக்கு லீவு போட்டு, நாவற்குடாவில் இருந்து கரடியனாற்றுக்குப் போய், அப்பாவைக் கையோடு இழுத்து வந்திருக்கிறாள்.

"போன மாசி யானை வந்து வாழை முழுக்கத் தின்னக்குள்ள என்ன செஞ்சீங்க? அம்மா தகரம் அடிச்சா. நீங்க பந்தம் புடிச்சீங்க. துவக்கு பெட்டிக்குள்ள நல்ல நித்திரை!"

"அது சும்மா சும்மா எடுக்கிற சாமானில்ல."

"நல்லரத்தினம் மாமா காட்டுப்பண்டிக்கு வெடி வைக்கக் கேட்டதுக்கும் குடுக்கல்ல."

"லைசன் என்ட பேரில. அவருக்கு எப்பிடிக் குடுக்கிற?"

சட்டம் மட்டும் வாய்ப்பாடு மாதிரி வரும். கலாஜினிக்கு இன்னும் ஏறியது.

"காணி அளக்க வந்த வன இலாகா ஆக்கள் நம்மட வயல் வட்டைக்குள்ள எல்லைக்கல் நட்டுட்டுப் போய்ப் பத்து நாளாகுது. நெல்லு நிக்கிற காணியக் காடெண்டு சொல்றாங்க. திங்கக்கிழமை விசாரணை. அதுக்கு ஒரு கடுதாசி எழுத உங்களுக்கு நேரமில்ல. இந்த இரும்புக்கு மட்டும் உயிரை விடுறீங்க!"

வரிசை நகர்ந்தது.

மேசைக்குப் பின்னால் இருந்த அதிகாரி ஏறாவூர்க்காரர், அஸ்பாக். மரியாதையான பிள்ளை. கதிரையைக் காட்டினார்.

"தம்பி, யானைக் கரைச்சல் கூட. இந்த லைசன மட்டும் வெட்டாம விடுங்க" என்று தொடங்கினார் கனகசிங்கம்.

"ஐயா, சட்டம் நான் போட்டதில்ல. ஒரு தோட்டா போட்டு ஒரு வெடி வைக்கிறதெண்டாப் பறவாயில்ல. இது அடுத்தடுத்து வெடிக்கிற சாதி. ஆபத்து."

"இதால இண்டைக்கு வரைக்கும் ஒரு காக்கைக்கும் ஆபத்து வந்ததில்ல தம்பி."

"எல்லாரும் அப்பிடித்தான் சொல்றாங்க. லைசன் புத்தகத்தையும் துவக்கையும் வைங்க."

கனகசிங்கம் துவக்கை மேசையில் வைத்தார். பிடிவாதம் ஒன்றும் பிடிக்கவில்லை. பழைய குடையை வைப்பதுபோல வைத்தார். ஆனால் மடியில் இருந்த புத்தகத்தை மட்டும் இரண்டு கையாலும் பொத்திக்கொண்டார். கலாஜினிக்கு ஒன்றும் விளங்கவில்லை.

அஸ்பாக் "இரத்து" முத்திரையை எடுத்து வைத்துவிட்டு, உள்ளே தோட்டா கிடக்கிறதா என்று பார்க்கத் துவக்கைத் தூக்கினார். விசையை இழுத்தார், பூட்டை இழுத்தார்; எதுவும் அசையவில்லை. குழலைக் கவிழ்த்துத் தட்டினார். களிமண் உருண்டை ஒன்று மேசையில் கிடந்த பைலின் மேல் விழுந்து உடைந்தது. குளவிக்கூடு.

"ஐயா! இது கடைசியா எப்ப வெடிச்சது?"

"வாங்கி மூணாம் மாசமே விசை இறுகிட்டு தம்பி. பொலிசு வருசா வருசம் நம்பரை மட்டும்தான் பார்க்கும்."

கலாஜினி அப்பா பக்கம் திரும்பினாள். "அப்ப பதினாலு வருசமா என்னத்துக்குப்பா லைசன் புதுப்பிச்சீங்க?"

"வெடிக்காதெண்டு தெரிஞ்சா லைசனை வெட்டிருவாங்க. உனக்குச் சொன்னா ஊருக்குச் சொன்ன மாதிரி." புத்தகத்தை அவள் முன்னால் விரித்தார். "வாசி."

அவள் வாசித்தாள். "காரணம்: கரடியனாறு கீழ்வட்டையில் இவருக்குரிய மூன்று ஏக்கர் நெற்காணியின் பயிர்ப் பாதுகாப்பு." அதன் கீழே பதினாலு கையெழுத்து, பதினாலு அரசாங்க முத்திரை.

"காணி உறுதிப் பத்திரம் தொண்ணூறாம் ஆண்டுச் சண்டையில வீட்டோட எரிஞ்சிட்டு. அது என்ட காணியெண்டு அரசாங்கம் எழுதித் தந்தது இதில மட்டும்தான் புள்ள. திங்கக்கிழமை விசாரணையில காட்ட வேற என்ன இருக்கு?"

அஸ்பாக் எடுத்து வைத்த முத்திரையை மெதுவாக ஒதுக்கி வைத்தார். "இதைச் சொல்லாம ஏன் ஐயா யானை யானை எண்டு நிண்டீங்க?"

"யானைய விரட்டத் தகரம் காணும் தம்பி" என்றார் கனகசிங்கம். "கல்லு நடுற ஆக்களுக்குத்தான் துவக்கு வேணும்."