தோள்மேல் தங்கை

அக்காவும் தங்கையும் இணையத்தில் சேர்ந்து ஆடும் விளையாட்டில் மலையேறும்போதெல்லாம் தங்கை ஜெனிட்டாவுக்கு இணையம் அறுந்துவிடும். திரையில் அவளுடைய உருவம் சிலைபோல நின்றுவிடும். இருட்டினால் ஓநாய் வரும். அதனால் வேறு ஊரில் உட்கார்ந்து ஆடும் அக்கா ஸ்டெல்லா, அந்த உருவத்தைத் தோளில் தூக்கிப் போட்டுக்கொண்டு உச்சியிலிருக்கும் குடிசைவரை நடப்பாள். "ரவுட்டர ஆஃப் பண்ணி ஆன் பண்ணுடி, எனக்கு இடுப்பு வலிக்குது" என்று போனில் கத்திக்கொண்டே நடப்பாள்.

இன்றும் அறுந்தது. ரவுட்டரை அணைத்துப் போட்டும் பலனில்லை. பீரோவுக்குப் பின்னால் நசுங்கிக் கிடந்த வயரை மாற்றியதும் இணைப்பு வந்துவிட்டது. திரையில் அக்கா அவளைச் சுமந்தபடி பனியில் பாதி மலை ஏறியிருந்தாள். ஒரு பொத்தானை அழுத்தினால் இறங்கிவிடலாம்.

காலையில்தான் ஜெனிட்டாவுக்கு வேலை போயிருந்தது. இன்னும் யாரிடமும் சொல்லவில்லை. பொத்தானிலிருந்து விரலை எடுத்துவிட்டாள்.

"இன்னும் வரலியாடி?" என்றாள் அக்கா.

"இல்லக்கா."

அக்கா அடுத்த பாறையையும் ஏறிக் கடந்தாள்.

"நெட் வந்தாச்சுன்னு உன் பேருக்குப் பக்கத்துல பச்சைப் புள்ளி எரிய ஆரம்பிச்சு எவ்வளவு நேரமாச்சு தெரியுமா?"

குடிசை வந்தது. அக்கா அதைத் தாண்டி நடந்துகொண்டே இருந்தாள்.