அப்பா படம்

அன்று ரிமோட் அவர் கைக்கு வந்ததே ஒரு விபத்துதான்.

போன் வந்ததென்று பால்கனிக்குப் போன மகள், அதைச் சோபாவிலேயே போட்டுவிட்டுப் போயிருந்தாள். மனைவி அடுப்படியில் பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள்.

அந்த வீட்டில் டிவி இலாகா முழுக்க மகளுடையது. எந்தத் தொடர் எந்த வெள்ளிக்கிழமை வருகிறது, எதற்கு அடுத்த சீசன் உண்டு, எது பாதியிலேயே படுத்துவிட்டது, எல்லாம் அவளுக்கு அத்துப்படி. ஆபீசுக்குக் கிளம்பும் அவசரத்திலும் புதிதாக என்ன வந்திருக்கிறதென்று ஒரு நோட்டம் விட்டுவிட்டுத்தான் செருப்பை மாட்டுவாள்.

வருவதையெல்லாம் அவள் இரண்டாகப் பிரித்து வைத்திருந்தாள். ஒன்று, அப்பா படம். இன்னொன்று, மற்றதெல்லாம்.

எதையும் முதல் நிமிஷம் ஓடவிட்டு, திரையின் மூலையில் வரும் சின்ன எழுத்தை ஊன்றிப் படித்துவிட்டுத்தான் அது எந்தப் பக்கம் என்று முடிவு கட்டுவாள். படித்த பிள்ளை, எதையும் படிக்காமல் விடாது என்று அவர் நினைத்துக்கொள்வார்.

அப்பா படம் என்றால் சிரிப்பு, சமையல் போட்டி, காட்டு விலங்குகள். யானை குளிப்பதை மூவருமாக உட்கார்ந்து நாள் கணக்கில் பார்த்திருக்கிறார்கள். தன் ரசனைக்கு வீட்டில் இவ்வளவு மரியாதையா என்று அவருக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

வேலையிடத்தில்தான் மானம் போனது. கூட வேலை பார்க்கும் லிஃப்ட் மெக்கானிக்குகள் டீ குடிக்க ஒதுங்கினால் ஒரு புதுத் தொடரைப் பற்றியே பேசினார்கள். அவர் டம்ளரையே பார்த்துக்கொண்டிருக்க, "அண்ணனுக்கு வீட்ல யானைப் படத்துக்கு மட்டுந்தான் பர்மிஷன்" என்றான் ஒருவன். எல்லோரும் சிரித்தார்கள். அவரும் அசடு வழியச் சிரித்துவைத்தார்.

மகளிடம் கேட்டுப் பார்த்தார். அது சுமார்தான் என்று சொல்லி, அந்தப் படத்தை மட்டும் ஒரே ஓட்டமாகத் தாண்டிப் போனாள்.

இன்று விடுவதாக இல்லை. நாளை டீ நேரத்தில் நாலு வார்த்தை பேசியே ஆக வேண்டும்.

தட்டுத் தடுமாறித் தேடிப் பிடித்தார். தொடரின் படத்துக்குக் கீழே சிவப்புக் கோடு ஓடியிருந்தது. கடைசிவரை.

ஆக, பார்த்திருக்கிறார்கள். அம்மாவும் மகளுமாக, அவர் வேலைக்குப் போன நேரம் பார்த்து, முழுசாகப் பார்த்து முடித்திருக்கிறார்கள். சுமாராம்!

அவருக்குச் சுருக்கென்றது. பேரன் எடுக்கிற வயதில் தன்னைச் சின்னப் பையன் மாதிரி நடத்துகிறார்களே என்று ரோஷம் வந்தது. வேண்டுமென்றே சத்தத்தைக் கூட்டி வைத்து, முதல் பாகத்தைப் போட்டார்.

மூலையில் சின்ன எழுத்து வந்து போனது. கண்ணாடி போடாததால் அவர் படிக்கவில்லை.

ஒரு வீட்டுக் கதவு. வெளியே ஒரு ஆள் சாவியைத் துவாரத்துக்குள் நுழைக்கப் பார்க்கிறான். நுழையவில்லை. சுவரைப் பிடித்துக்கொண்டு மறுபடியும் குத்துகிறான். முதலில் அவருக்குச் சிரிப்புக்கூட வந்தது.

பிறகு கேமரா உள்ளே போனது. சாவிச் சத்தத்தைக் கேட்டபடி ஒரு பெண்ணும் ஒரு சின்னப் பிள்ளையும் மூச்சுவிடாமல் நின்றிருந்தார்கள்.

அடுப்படியில் பாத்திரச் சத்தம் நின்றது.

நிறுத்திவிட வேண்டும் என்று அவருக்குத் தோன்றியது. இருட்டுக் குழிக்குள் இறங்கி, கைத்தடவலிலேயே லிஃப்டை நிறுத்துகிற மனிதருக்கு, அந்த ரிமோட்டில் எது எந்தப் பொத்தான் என்று பிடிபடவில்லை. அழுத்த அழுத்தச் சத்தம்தான் கூடியது. சாவி பூட்டில் உரசுவது கூடம் முழுக்கக் கேட்டது.

மகள் பால்கனியிலிருந்து ஓடிவந்தாள். அவரைப் பார்க்கவில்லை. நேராகப் போய்ச் சுவிட்சை அணைத்தாள்.

அணைத்த கையோடு, டிவியின் பின்பக்கம் உள்ளங்கையை வைத்துப் பார்த்தாள்.

மேசைமேல் நிற்கிற மெல்லிய டிவி அது. அப்படியொன்றும் சூடாவதில்லை.

சூடானது பழைய பெட்டி டிவி. அவர் குடித்துவிட்டு வந்த காலத்து டிவி. தான் இல்லாதபோது அது ஓடக்கூடாது என்று சட்டம் போட்டிருந்தார். வீட்டுக்குள் வந்ததும், செருப்பைக்கூடக் கழற்றாமல், முதலில் அதன் முதுகைத்தான் தொட்டுப் பார்ப்பார். சுட்டால், எவ்வளவு நேரமாக ஓடுகிறது என்று கேட்டுக்கொண்டே பெல்ட்டை உருவுவார். ஒருநாள் கை ஈரமானது. பிள்ளை ஈரத்துணியால் துடைத்துத் துடைத்து அதை ஆறவைத்திருந்தாள். அதற்கும் சேர்த்துத்தான் அன்று அடித்தார்.

குடியை விட்டு எவ்வளவோ வருஷமாயிற்று. வீட்டில் யாரும் அந்தப் பேச்சை எடுப்பதில்லை. மறந்துவிட்டார்கள் என்றே இருந்துவிட்டார்.

அப்பா படம் என்றால் என்ன என்று இப்போதுதான் அவருக்கு விளங்கியது. குடிக்கிற அப்பா வராத படம். அவர் தலை குனிய வேண்டாம் என்று இத்தனை நாளும், மூலையில் வரும் எழுத்தில் குடி, அடி என்று இருக்கிறதா என்று பார்த்துப் பார்த்து, சலித்துச் சலித்துக் கொடுத்திருக்கிறார்கள். அவரோ யானையைப் பார்த்துக் கைகொட்டிச் சிரித்துக்கொண்டிருந்திருக்கிறார். வெட்கம் பிடுங்கித் தின்றது. முகத்தை எங்கே கொண்டுபோய் வைத்துக்கொள்வதென்று தெரியவில்லை.

மனைவி ஈரக் கையோடு அடுப்படி வாசலில் நின்றாள். உள்ளே வரவில்லை.

தன் கை எங்கே இருக்கிறதென்று மகள் அப்போதுதான் கவனித்தாள் போலிருக்கிறது. வெடுக்கென்று எடுத்து முதுகுக்குப் பின்னால் மறைத்துக்கொண்டாள். அவர் ஏதோ சொல்ல வாயெடுப்பதற்குள் அவள் முந்திக்கொண்டாள்.

"இப்பத்தான்ப்பா போட்டோம்."

போட்டது அவர்.