முன்வாசல்

எல்லாரும் ஏறிவிட்டார்கள். அவன் மட்டும் ஏறவில்லை.

போலீசின் இரும்பு வண்டி ஸ்டேடியத்தின் பின்பக்கம் உறுமிக்கொண்டு நின்றது. ஜாவாவில் பகை ஊர்களுக்குள் கால்பந்து ஆட்டம் என்றால் இப்படித்தான். கல்லடிக்குப் பயந்து வெளியூர் டீமை அதில் அடைத்துக் கொண்டுவருவார்கள். அதிலேயே அடைத்துக் கொண்டுபோவார்கள்.

வரும்போது அவனும் முழங்காலைக் கட்டிக்கொண்டு உள்ளேதான் உட்கார்ந்திருந்தான். ஜன்னல் இல்லை. ஆனாலும் எந்தத் திருப்பம், எந்தத் தெரு என்று அவனுக்குத் தெரிந்தது.

அவன் ஊர்தானே.

பதினோரு வருஷம் இந்த ஊர் சட்டையைப் போட்டுக்கொண்டு தடுப்பாட்டக்காரனாக இந்தக் கோலைக் காத்தவன். முழங்காலை இரண்டு தடவை அறுத்துத் தைத்தார்கள். நெற்றியில் ஒன்பது தையல். அப்போது இதே கூட்டம் அவனைச் சுவர் என்றது.

முப்பத்துநாலு வயதில் ஊர் டீமிடமிருந்து போனில் ஒற்றை வரி வந்தது. இதுவரை ஆடியதற்கு நன்றி.

அதன்பிறகு கூப்பிட்டது பகை ஊர் டீம் ஒன்றுதான்.

போனான்.

இன்று தொண்ணூறு நிமிஷமும் துரோகி என்று கத்தினார்கள். கடைசி நிமிஷத்தில், கோட்டைத் தாண்டப் போன பந்தைத் தொடையைக் கொடுத்து வெளியே தள்ளினான். இரண்டு பக்கமும் கோல் இல்லை.

வண்டிக்கதவைப் பிடித்துக்கொண்டு நின்ற போலீஸ்காரர் உள்ளூர்க்காரர். தணிந்த குரலில் கெஞ்சினார். ஊருக்கு வெளியே ஹோட்டலில் இறக்கிவிடுவார்களாம். வீட்டுக்காரம்மாவை அங்கே வரச்சொல்லலாமாம்.

“என் வீடு அந்தப் பள்ளிவாசலுக்குப் பின்னாடி சார். அஞ்சு நிமிஷ நடை. அதுக்கு எதுக்கு இரும்பு வண்டி?”

“அந்த டீம் சட்டையையாவது கழட்டிட்டுப் போங்கண்ணே.”

கழற்றவில்லை.

போன் அடித்தது. மனைவி ராத்ரி. கால்வாய் ஓரமாக வா, பின்கதவைத் தாழ்போடவில்லை என்றாள்.

“முன்வாசலைத் திற” என்றான்.

மாலைத் தொழுகைக்குப் பாங்கு சொன்னார்கள். பூட்ஸ் ஆணிகளின் டக் டக் சத்தம் சிமெண்ட் ரோட்டில் அவனுக்கு முன்னால் போய்ச் சேர்ந்தது. பக்ஸோ சூப் விற்கும் தள்ளுவண்டிக்காரர் ஆள் கூப்பிடக் கிண்ணத்தைத் தட்டுவதை நிறுத்தினார்.

தெருமுனையில் பைக்குகளைக் குறுக்கே போட்டுக்கொண்டு பத்துப் பதினைந்து பேர். எல்லார் கழுத்திலும் அவனுடைய பழைய டீமின் துண்டு. ஒருவன் துண்டில் அவன் போட்ட கையெழுத்து இன்னும் அழியவில்லை.

முகங்களை அவன் பார்க்கவில்லை.

தடுத்து ஆடுகிறவன் முகத்தைப் பார்க்கமாட்டான். முகம் ஏமாற்றும். காலைப் பார்ப்பான். முதலில் பாய்கிறவன் ஏமாறுவான். நின்றுவிட்டாலும் போச்சு.

கால்களைப் பார்த்துக்கொண்டே நடந்தான்.

இருபது அடி. பத்து.

அவர்களுக்குப் பின்னால், தெருவின் பாதியில், அவன் வீட்டு வாசல்விளக்கு எரிந்தது. கால்களின் நிழல்கள் நீண்டு வந்து அவன் பூட்ஸைத் தொட்டன.

முன்னால் நின்றவனின் நீல ரப்பர் செருப்பு அசைந்தது.

அரை அடி. ஓரமாக.

அவன் நடையை எட்டிப் போடவில்லை.