பாதிப் பாலத்தில் ஒரு நிறுத்தம்

கூரை போட்ட அந்தப் பழைய மரப்பாலம், தன்மேல் நடந்தவர்களின் காலடி ஓசையை மட்டும் சேமித்து வைத்து, சுற்றுலாப் பயணிகளுக்காகத் தினமும் அவரவர் நடந்த அதே நேரத்தில் ஒலிக்கவிடும். பயணிகள் வருவதை நிறுத்தி வெகுகாலம் ஆயிற்று. காவலாளி மரியசூசை மட்டும் மதியம் ஒரு மணிக்குத் தட்டைக் கழுவி வைத்துக்கொண்டு காத்திருப்பார். இறந்துபோன மனைவி தெரசா சோறு கொண்டுவந்த காலடி அப்போதுதான் கேட்கும். பாதிப் பாலத்தில் சற்று நின்று, பிறகு வரும்.

இன்று அது நடுவில் நிற்காமல் அவரைக் கடந்துபோனது. பாலத்தைப் பராமரிக்கும் அலுவலகத்துக்குப் போன் செய்தார்.

"நடுவுல சத்தமே இல்லாம இருந்துச்சுங்கய்யா. பழுதுன்னு சரி பண்ணிட்டோம்," என்றாள் அங்கிருந்த பெண்.

"பழுது இல்லம்மா. தூக்குச்சட்டிய கை மாத்துற சாக்குல அங்க நின்னு, 'பசிக்குதா'ன்னு கேப்பா. நானும் தெனம் பதில் சொல்லிக்கிட்டுதான் இருந்தேன்."