பென்சில் சீட்டு

கையை மூடிக்கொண்டாள்.

உள்ளே ஒரு துடிப்பு. கட்டைவிரல் நீளம்கூட இல்லை.

பாறையின் சூடு முழங்கைகளில் ஏறியது. இரண்டு மாதமாக இதே பாறைவெடிப்பின் முன்னால் இப்படித்தான் குப்புறப் படுத்திருந்தாள். பல்லிக்குப் பாறையின் நிறம். அசைந்தால்தான் அது இருப்பதே தெரியும்.

இன்று அசைந்தது.

பாறையின் மறுபாதி போன மாதம் சல்லியாகி லொறிகளில் போய்விட்டது. அங்கே முன்பு ஐந்து பல்லிகளைப் பார்த்திருந்தாள். படம் எடுத்து அலுவலகத்துக்கு அனுப்பினாள். படம் போதாது என்றார்கள். வேறெங்கும் இல்லாத இனம் என்று பெயரிட ஓர் உடல் வேண்டும். முழு உடல். அது கிடைத்தால்தான் திங்கட்கிழமை இந்தப் பாதிக்கு வைக்கவிருக்கும் வெடி நிற்கும்.

"ஆம்பிட்டுதா மிஸ்?"

கீழேயிருந்து புண்ணியமூர்த்தி. வெடிக்குத் துளை போடுகிறவர்.

"ம்."

"இதுக்காகவா எங்கட வேலைய நிப்பாட்டுறீங்க? எங்கட வீட்டுச் சுவரில நாப்பது கிடக்கு. சொல்லியிருந்தா அள்ளிக்கொண்டு வந்திருப்பனே."

சிரித்தார். அவளும் சிரித்தாள். விரல்களை மட்டும் விரிக்கவில்லை.

விரித்தால் வாலை உதறிவிடும். வாலில்லாத உடலைக் குறை உடல் என்பார்கள். பிடித்ததும் கையை மூடு என்பது அவள் கற்ற முதல் பாடம். கை அதைத் தானாகவே செய்தது.

புரட்டிப் பார்க்கவில்லை.

உள்ளங்கையில் உருண்டு திரண்டிருந்தது. நன்றாகத் தின்றிருக்கிறது என்று நினைத்தாள். அதில் ஒரு சந்தோஷம்கூட.

மருந்தில் நனைத்த பஞ்சு. மூடிய டப்பா.

ஒன்று போனால் பாறை மிஞ்சும். பலமுறை தனக்குள் சொல்லிப் பார்த்த வாக்கியம். சொல்லச் சொல்ல அது வேறு யாரோ அவளுக்கு எழுதித் தந்ததுபோல் ஆகியிருந்தது.

டப்பாவுக்குள் சத்தம் அடங்கியது.

'கிடைத்துவிட்டது' என்று அலுவலகத்துக்குச் செய்தி அனுப்பினாள்.

பிறகு அதைத் தட்டில் மல்லாக்கக் கிடத்தினாள்.

வயிற்றுத் தோல் மெல்லியது. வெயில் அதன் வழியாகப் போனது.

தோலுக்கடியில் இரண்டு வெள்ளை முட்டைகள். அருகருகே.

தொலைபேசி அதிர்ந்தது. 'வாழ்த்துகள். பாறை தப்பியது.'

கீழே துளைக்கருவியை யாரோ கழற்றினார்கள். இரும்பு இரும்பில் மோதியது. புண்ணியமூர்த்தி மேலே பார்க்கவில்லை.

சீட்டை எடுத்தாள். போத்தலுக்குள், உடலோடு கிடக்க வேண்டிய சீட்டு. ஸ்பிரிட்டில் மை கரைந்துவிடும். பென்சில் கரையாது. நூறு வருடம் கழித்து யாராவது திறந்தாலும் வாசிக்கலாம்.

இடம். எழுதினாள்.

திகதி. எழுதினாள்.

பால்: பெண்.

எண்ணிக்கை.

பென்சில் அங்கே நின்றது.

வெடிப்பைப் பார்த்தாள். இனி அதை யாரும் தொடமாட்டார்கள்.

வெயில் அதன் விளிம்பிலிருந்து உள்ளே நகர்ந்தது.

வேறெதுவும் அசையவில்லை.